ஒரு ரூபாய் ஏறாத தவணை

ஆவடி குவார்ட்டர்ஸ்,
8.8.2021

மதிப்பிற்குரிய அண்ணிக்கு,

உங்க கொழுந்தன் பூபாலன் எழுதறேன். நானும் ரேணுகாவும் பிள்ளைங்களும் ஆண்டவன் புண்ணியத்துல நல்லா கீறோம். நீங்க கொரோனா ஊசி ரெண்டும் போட்டுக்கினீங்களா? முட்டி வலி தேவலாமா?

அண்ணன் போனதுலேர்ந்து எட்டு வருஷமா நீங்க எங்கூட பேசறதில்ல. போன் பண்ணா எடுக்கறதில்ல. சாவற வரைக்கும் பேச மாட்டேன்னு எல்லார் எதிர்லயும் சொன்னீங்க. படிக்க மாட்டேன்னு சொல்லலியே! அதான் லெட்டர். ஆவடிலேர்ந்து சேக்காட்டுக்கு ஸ்டாம்பு ஒட்டறியேன்னு போஸ்டாபீஸ் அம்மா சிரிக்குது.

நல்ல சேதி. பட்டாபிராம்ல ஒரு பிளாட் பாத்திருக்கேன். ரெண்டாவது மாடி, ரெண்டு பெட்ரூம், ஸ்டேஷனுக்கு நடந்தே போலாம். கள்ளிக்குப்பம் வீட்டை வித்த காசு பத்தல. நாப்பது லட்சம் லோன் போடறேன். ஏழு பர்சன்ட், இருவது வருஷம், மாசம் 31,012 ரூபா. பேங்க்ல குடுத்த தாளை ஜெராக்ஸ் எடுத்து வச்சிருக்கேன். நம்ம குடும்பத்துல கணக்குன்னா நீங்கதான். கணக்கு சரியான்னு மட்டும் பாத்து சொல்லுங்க.

பழசை மனசுல வச்சுக்காதீங்க.

இப்படிக்கு,
பூபாலன்


சேக்காடு,
20.8.2021

அன்புள்ள பூபாலன் தம்பிக்கு,

வசந்தகுமாரி எழுதுவது. இரண்டு ஊசியும் போட்டுக்கொண்டேன். முழங்கால் ஓய்வுபெற்ற டீச்சரின் முழங்காலாக இருக்கிறது, குறையொன்றும் இல்லை. ரேணுகாவுக்கும் ஷர்மிளாவுக்கும் அஸ்வினுக்கும் என் அன்பைச் சொல்லுங்கள்.

தாளைப் பார்த்தேன். கணக்கு சரி. மாதம் 31,012 வீதம் இருநூற்று நாற்பது தவணை. நாற்பது லட்சம் வாங்கி, மொத்தம் எழுபத்து நான்கு லட்சத்து நாற்பத்து மூன்றாயிரம் கட்டுவீர்கள். கூட்டலில் பிழையில்லை.

முப்பத்திரண்டு வருஷம் பரீட்சைத் தாள் திருத்தியவள் நான். பிள்ளைகளிடம் சொல்வேன், கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் எழுது, கேட்காததை எழுதினால் மார்க் கிடையாது என்று. நீங்கள் கேட்டது கணக்கு சரியா என்று. சரி.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
வசந்தகுமாரி


சேக்காடு,
2.12.2021

அன்புள்ள பூபாலன் தம்பிக்கு,

கிரகப்பிரவேசப் பத்திரிகை வந்தது. மஞ்சள் தடவி, என் பெயரை முழுதாக எழுதி அனுப்பியிருந்தீர்கள். மழையில் நனையாமல் வந்து சேர்ந்தது. எல்லோரும் சுகமாக இருப்பீர்கள்.

நான் வரமாட்டேன். நூற்றியொரு ரூபாய் வைத்திருக்கிறேன், சுவாமி படத்துக்குப் பூ வாங்குங்கள்.

பழசை மறக்கச் சொல்கிறீர்கள். கள்ளிக்குப்பம் வீடு கட்டப் பதினான்கு வருஷம் என் சம்பளத்தில் கடன் பிடித்தார்கள். வீடு அத்தை பெயரில் இருந்தது. "எல்லாம் ஒரே குடும்பம்தானே" என்று உங்கள் அண்ணன் சொன்னார், நானும் நம்பினேன். அவருக்குப் பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், அத்தை உங்களுக்கு எழுதிக் கொடுத்த பத்திரத்தைக் கொண்டுவந்து காட்டினீர்கள். "ரெண்டு மாசம் டைம் எடுத்துக்குங்க அண்ணி" என்றீர்கள். நான் இரண்டு பெட்டியோடு அன்று மாலையே கிளம்பினேன். ஆட்டோவுக்கு நூற்றைம்பது ரூபாய் கேட்டான். அதுகூட நினைவிருக்கிறது, தம்பி.

புது வீட்டில் நீண்ட நாள் இருங்கள். தவணையும் நீண்ட நாள் கட்டுங்கள்.

வசந்தகுமாரி


பட்டாபிராம்,
9.3.2023

மதிப்பிற்குரிய அண்ணிக்கு,

நாங்க எல்லாரும் சுகம். ரேணுகாவுக்குத்தான் லேசா பிரஷர். நீங்க டேப்லட்டெல்லாம் நேரத்துக்கு போடறீங்களா?

ஒரு வேடிக்கை சொல்றேன். வட்டி ஏறிடுச்சுன்னு பேக்டரியில அவனவன் தலைல கை வச்சுக்கினு கீறான். எனக்கு மட்டும் ஒரு ரூபா ஏறல அண்ணி! அதே 31,012. "மாமே, உன் ஜாதகம் தங்கம்"னு கேன்டீன்ல பசங்க சொல்றாங்க. பேங்க்லேர்ந்து ஒரு இங்கிலீஷ் லெட்டர் வந்துது. வட்டி ஒம்பதுன்னு போட்டு கீது, ஆனா தவணை மாறாதுன்னு கொட்டை எழுத்துல போட்டுட்டான். கீழ 360ன்னு ஒரு நம்பர். வருஷத்துக்கு முன்னூத்தி அறுவது நாள்னு கணக்கு எடுப்பாங்க போல. ஜெராக்ஸ் வச்சிருக்கேன்.

இன்னொண்ணு. கையில மூணரை லட்சம் வந்திருக்கு. அதை லோன்ல கட்டிடலாமா, இல்ல ஊட்டுக்கு உட்வொர்க் பண்ணலாமான்னு இங்க ஒரே ரகளை. கபோர்டு, டிவி யூனிட்டு, சமையலறைக்கு இழுக்கற டிராயரு. நீங்க ஒரு வார்த்தை எழுதுனீங்கன்னா வாய் மூடிக்குவாங்க.

இப்படிக்கு,
பூபாலன்


சேக்காடு,
15.3.2023

அன்புள்ள பூபாலன் தம்பிக்கு,

உங்கள் கடிதம் கண்டு மகிழ்ச்சி. மாத்திரைகளை நேரத்துக்குப் போடுகிறேன். ரேணுகாவை உப்பைக் குறைக்கச் சொல்லுங்கள்.

பேங்க் கடிதத்தைப் படித்தேன். தவணை மாறவில்லை என்று எழுதியிருக்கிறது. அது உண்மை.

மூன்றரை லட்சத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். மனிதன் வாழ்வது ஒரு தரம். வெறும் சுவரைப் பார்த்துக்கொண்டு எத்தனை நாள் இருப்பது? கடன்தான் ஒரு ரூபாய் ஏறாமல் சொன்னபடி போய்க்கொண்டிருக்கிறதே. உட்வொர்க் செய்யுங்கள். நல்ல பிளைவுட்டாகப் போடச் சொல்லுங்கள், கரையான் வராது.

எல்லோரையும் கேட்டதாகச் சொல்லுங்கள்.

அன்புடன்,
வசந்தகுமாரி


சேக்காடு,
16.3.2023

என் ஜமீலாவுக்கு,

பூந்தமல்லியில் வெயில் ஆரம்பித்துவிட்டதா? உன் காது மெஷினுக்கு புது பேட்டரி போட்டாயா? போனில் நான் ஒன்று சொல்ல நீ ஒன்று பதில் சொல்வதை விட, இப்படி எழுதுவதே சுகம். ஸ்டாஃப் ரூமில் சீட்டு எழுதித் தள்ளியது போல இருக்கிறது.

நேற்று ஒரு காரியம் செய்தேன். உன்னிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வது?

பூபாலன் வாங்கிய கடன் மாறும் வட்டிக் கடன். முதல் தாளிலேயே சின்ன எழுத்தில் இருந்தது, நான் சொல்லவில்லை. இப்போது வட்டி ஒன்பது ஆகிவிட்டது. தவணையை ஏற்றினால் ஆட்கள் கத்துவார்கள் என்று பேங்க் என்ன செய்கிறது தெரியுமா? தவணையை அப்படியே விட்டு, கட்ட வேண்டிய மாதங்களை நீட்டிவிடுகிறது. ஒருவன் சென்ட்ரலுக்கு டிக்கெட் எடுத்து ரயிலில் உட்கார்ந்திருக்கிறான். டிக்கெட் விலை ஏறவில்லை என்று அவனுக்கு ஆனந்தம். சென்ட்ரல் ஸ்டேஷனைப் பின்னால் நகர்த்திக்கொண்டே போகிறார்கள்.

ஏறக்குறைய கணக்குப் போட்டுப் பார்த்தேன். இந்த மாதம் அவர் கட்டும் 31,012 ரூபாயில் வட்டிக்கே 28,900 போய்விடும். கடனில் கழிவது இரண்டாயிரத்து நூறு. ஒன்றரை வருஷம் கட்டியாகிவிட்டது, இன்னும் பாக்கி முந்நூற்று அறுபது மாதம். முப்பது வருஷம், ஜமீலா! நாற்பது லட்சத்துக்கு ஒரு கோடியே பதினேழு லட்சம். அந்த மனிதர் 360 என்பதை வருஷத்தின் நாள் கணக்கு என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்.

மாதம் 4,700 கூட்டிக் கட்டுகிறேன் என்று ஒரு தாளில் எழுதிக் கொடுத்தால் பழைய தேதிக்கே முடியும். அல்லது கையிலிருக்கும் மூன்றரை லட்சத்தை இப்போது கட்டினால், தவணையை ஏற்றாமலே முப்பது வருஷம் இருபத்தொன்றாகும். ஒன்பது வருஷம் காணாமல் போகும். ஆரம்பத்தில் கட்டும் பணத்துக்கு அவ்வளவு பலம். நான் என்ன சொன்னேன் தெரியுமா? கபோர்டு செய்யச் சொன்னேன்!

பதினான்கு வருஷம் என் சம்பளத்தில் பிடித்தார்கள். அவர் முப்பது வருஷம் கட்டட்டும். நேற்று இரண்டு தோசை அதிகமாகச் சாப்பிட்டேன்.

உன்,
வசந்தா


பூந்தமல்லி,
11.6.2023

வசந்தாவுக்கு,

அல்லாஹ்வின் கருணையால் உயிரோடு இருக்கிறேன். கண்புரை ஆபரேஷன் செய்து இரண்டு மாதம் எதையும் படிக்கக் கூடாது என்று வைத்துவிட்டார்கள். உன் மார்ச் மாதக் கடிதத்தை நேற்றுத்தான் பிரித்தேன். உன் உடம்பு எப்படி? தோசை செரித்ததா?

நான் தமிழ் டீச்சர். எனக்கு வட்டிக் கணக்கு வராது. ஒன்றே ஒன்று கேட்கிறேன். உன் கொழுந்தனுக்கு ஐம்பத்து நாலு வயது. அறுபதில் ரிட்டயர்டு. என் மருமகன் நாற்பத்தெட்டில் கடன் கேட்டபோதே பன்னிரண்டு வருஷத்துக்கு மேல் கிடையாது என்று விரட்டிவிட்டார்கள். உன் ஆளுக்கு மட்டும் இருபது வருஷம், அப்புறம் முப்பது வருஷம் எந்தப் புண்ணியவான் கொடுத்தான்? எண்பத்து நாலு வயது வரை யார் சம்பளத்தை நம்பிக் கொடுத்தான்?

இதை நீ கேட்காமல் இருந்திருக்க மாட்டாய். கணக்கு டீச்சராச்சே. பதில் பிடிக்காது என்று கேட்காமல் விட்டாயாடி?

அந்தப் பெண்ணுக்கு எழுது. ஷர்மிளாவுக்கு. இன்றைக்கே.

ஜமீலா


பட்டாபிராம்,
24.6.2023

அன்புள்ள பெரியம்மாவுக்கு,

நீங்க எழுதினது ஆபீஸ் விலாசத்துக்கு வந்தது. பத்து வருஷத்துக்கு அப்புறம் உங்க கையெழுத்தைப் பார்த்தேன். ஏழு போடும்போது நடுவுல ஒரு கோடு போடுவீங்களே, அது அப்படியே இருக்கு. நான் நல்லா இருக்கேன். நீங்க எப்படி இருக்கீங்க?

லோன்ல யார் யார் கையெழுத்துன்னு கேட்டிருந்தீங்க. அப்பாவும் நானும். அப்பா வயசுக்கு எட்டு வருஷம்தான் குடுப்பாங்கன்னு என்னையும் சேர்த்தாங்க. எனக்கு அப்ப இருபத்து நாலு. அம்பத்தூர்ல வேலைக்குச் சேர்ந்து ஆறு மாசம்தான் ஆகியிருந்தது. தவணை முழுக்க என் சம்பளத்துலேர்ந்துதான் போகுது. வீடு அப்பா பேர்ல மட்டும். "நீ இன்னொரு ஊட்டுக்கு போறவ, ஊடு அஸ்வினுக்கு"ன்னு அப்பா ஆரம்பத்துலயே சொல்லிட்டார். எல்லாம் ஒரே குடும்பம்தானேன்னு நானும் போட்டுட்டேன்.

மூணரை லட்சம் யாருதுன்னு கேட்டீங்க. என்னுது. ரெண்டு வருஷ போனஸ். நான் லோன்ல கட்டணும்னுதான் சண்டை போட்டேன். அப்பா உங்க லெட்டரை ஹால்ல நின்னு சத்தமா படிச்சார். "உங்க டீச்சரம்மாவே சொல்லிட்டாங்க, இன்னா சொல்ற இப்ப?"ன்னார். பத்தாவதுல உங்ககிட்ட கணக்கு படிச்சவ நான். நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும்னு விட்டுட்டேன். உட்வொர்க் மே மாசமே முடிஞ்சிடுச்சு.

இப்ப அஸ்வின் காலேஜ் சீட்டுக்கு அதே வீட்டு மேல இன்னும் பன்னெண்டு லட்சம் வாங்கப் போறாங்க. அதுக்கும் என் கையெழுத்து வேணும். ஏன் பெரியம்மா இதெல்லாம் கேக்கறீங்க?

அன்புடன்,
ஷர்மிளா


சேக்காடு,
30.7.2023

ஷர்மிளாவுக்கு,

நலமா என்று கேட்கும் தகுதி எனக்கு இருக்கிறதா என்று தெரியவில்லை. பதில் எழுத ஒரு மாதத்துக்கு மேல் ஆகிவிட்டது. ஏழு தரம் எழுதிக் கிழித்தேன்.

நான் உன் அப்பாவுக்குத் தப்பான விடை சொன்னேன். தெரிந்தே சொன்னேன். ஐம்பதைத் தாண்டியவருக்கு இருபது வருஷம் எப்படிக் கொடுத்தார்கள் என்பது நான் கேட்டிருக்க வேண்டிய முதல் கேள்வி. அது அவர் தலையில் விழும் பாரம் என்றே நினைக்க விரும்பினேன், அதனால் கேட்கவில்லை.

இணைத்திருக்கும் மூன்று தாளைப் பார். உன் கடன் முடியும்போது உனக்கு ஐம்பத்தாறு வயது. உட்வொர்க்குக்குப் போன மூன்றரை லட்சத்தின் உண்மையான விலை ஒன்பது வருஷத் தவணை, முப்பத்து மூன்று லட்சத்துக்கு மேல். அந்தக் கபோர்டை நான்தான் உன் தலையில் கட்டினேன்.

இனிச் செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். தவணையை நிறுத்தாதே, பேங்கில் கெடுவது உன் பெயரும்தான். ஆனால் அந்தப் பன்னிரண்டு லட்சத்துக்குக் கையெழுத்துப் போடாதே. உன்னிடம் இருக்கும் ஒரே ஆயுதம் அது. பாதி வீட்டை பேங்க் சம்மதத்தோடு உன் பெயரில் பதிவு செய்யச் சொல். மாட்டேன் என்றால், வீட்டை விற்றுக் கடனை அடைக்கச் சொல். அம்பத்தூரில் ஹாஸ்டல் பார்த்து வை. அழுவார், கத்துவார், உன் அம்மாவின் பிரஷரைச் சொல்வார். என்னிடமும் அன்று உன் பாட்டியின் நெஞ்சுவலியைச் சொன்னார். கடைசியில் "எல்லாம் ஒரே குடும்பம்தானே" என்பார். அப்போது உட்காராதே, நின்றுகொண்டே பேசு.

உன் அப்பா ஒரு பெண்ணின் சம்பளத்தில் ஒரு வீட்டைச் சாப்பிட்டுவிட்டார். இரண்டாவதை அவர் சாப்பிட நான் விடமாட்டேன்.

வசந்தகுமாரி


பட்டாபிராம்,
27.9.2023

அண்ணிக்கு,

சுகமா கீறீங்களா? சுகமாத்தான் இருப்பீங்க. ஏன் இருக்க மாட்டீங்க?

என்னா அண்ணி, தீத்துக்கினீங்களா? பெத்த பொண்ணு ஹாஸ்டல்ல போய் குந்திக்கினு, பாதி எழுதிக் குடு, இல்லாட்டி வித்துடுன்னு போன்ல சொல்லுது. அது பேசலை, நீங்க பேசறீங்க. எனக்குத் தெரியாதா அந்தக் குரலு? அஸ்வின் சீட்டு போச்சு. பக்கத்துல கவர்மெண்ட் காலேஜ்ல சேத்திருக்கேன், அவன் எங்கூட சோறு திங்கறதில்ல. திங்கக்கிழமை ரிஜிஸ்டர் ஆபீஸ்ல எம்பொண்ணு எதிர்ல நின்னு கையெழுத்து போட்டேன். ரேகை வைக்கச் சொல்றான், மூணு தரம் வச்சும் பதியல. அங்க இருந்த ஆளு, "இன்னா நைனா, பொண்ணுக்கு சீரா?"ன்னு சிரிக்கறான்.

360 இன்னான்னு உங்களுக்கு அன்னிக்கே தெரியும். தெரிஞ்சும் கபோர்டு செய்னு எழுதுனீங்க. நான் கள்ளிக்குப்பத்துல செஞ்சதை நேருக்கு நேரா செஞ்சேன் அண்ணி. நீங்க ஸ்டாம்பு ஒட்டி செஞ்சீங்க.

இனிமே எழுத மாட்டேன்.

பூபாலன்


அம்பத்தூர்,
8.10.2023

பெரியம்மாவுக்கு,

பாதி வீடு என் பேர்ல பதிவாயிடுச்சு. நீங்க சொன்ன மாதிரியே அப்பா ஒவ்வொரு வரியையும் வரிசையா சொன்னார். நான் நின்னுக்கிட்டே பேசினேன். அதுக்கு நன்றி.

அந்த மூணு தாளை நான் தனியா ஒரு தரம் போட்டுப் பார்த்தேன். உங்க கணக்குல பிழை இல்லை. ஒண்ணை மட்டும் சேர்க்காம விட்டிருக்கீங்க. அப்பா என்கிட்ட எடுத்தது பணம். அவர் அப்படின்னு எனக்குத் தெரியும், கேட்டு வாங்கிட்டேன். நீங்க எடுத்தது ஒன்பது வருஷம். உங்களை நான் நம்பினேன்.

பேங்குக்குப் போய் தவணையை 36,050 ஆக்கிட்டேன். மார்ச்லயே செஞ்சிருந்தா 4,700 கூடக் கட்டினா போதும். இப்ப 5,038. இப்படிக் கட்டினா 2041 ஆகஸ்ட்ல முடியும். கூட வர்ற 5,038 ரூபா இனிமே என் சம்பளத்துலேர்ந்து போகாது. மாசா மாசம் அஞ்சாம் தேதி உங்க பென்ஷன்லேர்ந்து என் அக்கவுண்டுக்கு வரணும். இருநூத்திப் பதினஞ்சு மாசம். மொத்தம் பத்து லட்சத்து எண்பத்து மூணாயிரத்து நூத்தி எழுபது. கட்டாயம்னு எந்த கோர்ட்டும் சொல்லாது. ஆனா உங்க பழைய மாணவர்கள் வாட்ஸ்அப் குரூப்ல நானும் இருக்கேன். அப்பாவுக்கு எழுதின மார்ச் லெட்டர், எனக்கு எழுதின ஜூலை லெட்டர், ரெண்டோட போட்டோவும் என் போன்ல இருக்கு. முந்நூறு பேர் உங்களை கடவுள் மாதிரி நினைச்சுக்கிட்டிருக்காங்க.

2041ல உங்களுக்கு எண்பத்தொண்ணு. உடம்பைப் பார்த்துக்குங்க பெரியம்மா. மரியாதைக்கு எழுதற வரி இல்லை இது.

ஷர்மிளா


சேக்காடு,
16.10.2023

ஷர்மிளாவுக்கு,

நீ கொடுத்த விலாசம் அம்பத்தூரில் லேடீஸ் ஹாஸ்டல் என்று இருக்கிறது. கொசு அதிகம், வலை வாங்கிக் கட்டிக்கொள்.

இன்று பேங்குக்குப் போய் எழுதிக் கொடுத்துவிட்டேன். இந்த மாதத்துக்கானதை இன்றே அனுப்பிவிட்டேன், நவம்பர் ஐந்து முதல் தானாகவே பணம் வரும். எதிரே இருந்த பெண், "எவ்வளவு நாளைக்குங்க மேடம்?" என்று கேட்டாள். இந்த மாதத்தோடு சேர்த்து இருநூற்றுப் பதினைந்து மாதம் என்றேன். என் பிறந்த தேதியைக் கணினியில் பார்த்துவிட்டு, என் முகத்தையும் ஒரு தரம் பார்த்தாள். பிறகு முத்திரை குத்தினாள். நகல் இணைத்திருக்கிறேன்.

வாட்ஸ்அப் குரூப்புக்குப் பயந்து இதைச் செய்யவில்லை. நீ போட்ட கணக்கு சரி, அதனால் செய்தேன். உன் அப்பா ரிஜிஸ்டர் ஆபீஸில் ரேகை பதியாமல் திரும்பத் திரும்ப விரல் வைத்ததை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் இனிக்கிறது. அதற்காக உன்னிடம் மன்னிப்புக் கேட்க மாட்டேன். உன் ஒன்பது வருஷத்துக்கு மட்டும் கேட்கிறேன். நீ பதில் எழுத வேண்டியதில்லை.

காலையில் ஐந்து மணிக்கு எழுந்து நாற்பது நிமிஷம் நடக்கிறேன். காபிக்குச் சர்க்கரை போடுவதை விட்டாயிற்று. டாக்டர், "இந்த வயசுல இவ்வளவு கட்டுப்பாடு வேண்டாம்மா, ஆசைப்பட்டதைச் சாப்பிடுங்க" என்கிறார். அவருக்குத் தெரியாது. நான் 2041 ஆகஸ்ட் வரை சாகக் கூடாது.

வசந்தகுமாரி